வில்லன் சாகும் தொட்டி

இன்று காலை எங்கள் ஷூ கம்பெனி பஸ் மாதனூர் தாண்டியதும் நின்றுவிட்டது. மூடிக் கிடக்கும் பழைய தோல் பதனிடும் டேனரி வாசலில் ஷூட்டிங் லாரிகள் ரோட்டை அடைத்திருந்தன. கூடவே ஓர் ஆம்புலன்ஸ்.

உதவி இயக்குநர் ஒருவர் ஜன்னலருகே வந்தார். “ஒரே ஷாட்தான்க்கா. கொஞ்சம் சத்தம் போடாம இருங்க.”

பக்கத்து சீட் செல்வி அக்கா கேட்டார்: “ஆம்புலன்ஸ் நிக்குதே, யாருக்கு இன்னா ஆச்சு?”

“யாருக்கும் ஒண்ணும் ஆகலக்கா. வில்லன் சாவுற சீன். வேலூர் கோட்டை மதில்ல இருந்து விழற மாதிரிதான் எழுதியிருந்தோம். டைரக்டர் இந்தப் புகைபோக்கி, இடிஞ்ச ஷெட்டு, கழிவுத் தொட்டி எல்லாம் பாத்துட்டு சாவை இங்க மாத்திட்டாரு. தொட்டியைக் கழுவி நல்ல தண்ணி ரொப்பியிருக்கோம். விழப்போறதும் பொம்மைதான். இருந்தாலும் சேஃப்டி வேணும்ல.”

இடுப்பில் கயிறு கட்டிய பொம்மையை இரண்டு பேர் பத்திரமாகத் தூக்கிப் போனார்கள்.

செல்வி அக்கா அதையே பார்த்துக்கொண்டிருந்தார். “எங்க வூட்டுக்காரரு அந்தத் தொட்டியைக் கழுவத்தான் எறங்கினாரு தம்பி. அவருக்கு ஒரு கயிறு கூட கட்டல.”

உதவி இயக்குநர் கேட்ட அமைதி பஸ்ஸில் கிடைத்துவிட்டது. ஷாட் ஒரே டேக்கில் ஓகே. வெளியே கைதட்டினார்கள்.

தியேட்டரில் படம் தொடங்கும்போது ‘இதில் வரும் சம்பவங்கள் யாவும் கற்பனையே’ என்று போடுவார்களே, அந்த நேரத்தில் செல்வி அக்காவுக்குப் பக்கத்து சீட்டில் உட்கார யார் வருகிறீர்கள்? எனக்குத் தைரியம் இல்லை.