தண்ணீருக்கு வைத்த பெயர்

மரகதம் அக்கா இறந்த செய்தி வந்தபோது, அவருக்கு எந்தக் காய்ச்சலும் இல்லை என்று அச்சான காகிதம் என் கையில் இருந்தது. அப்போதுதான் பிரிண்டரிலிருந்து எடுத்திருந்தேன். கடைசி வரியில் அவர் பெயர், பெண், வயது ஐம்பத்தொன்று. டெங்கு இல்லை. மலேரியா இல்லை. எலிக்காய்ச்சல் இல்லை. உண்ணிக்காய்ச்சல் இல்லை. சேலத்திலிருந்து போனில் பேசிய எங்கள் டாக்டர், "அக்கா போயிட்டாங்க" என்றார். "யாருங்க டாக்டர்?" என்று கேட்டேன். தெரிந்துகொண்டேதான் கேட்டேன்.

மலையில் ஒண்டிக்கடை பஸ் நிறுத்தத்துக்கு மேலே இருக்கும் எங்கள் ஆஸ்பத்திரியில் காய்ச்சலோடு வந்து கை நீட்டிய யாரும் அவரை மறந்திருக்க மாட்டீர்கள். வலிக்காமல் ரத்தம் எடுப்பார், வாய் ஓயாமல் திட்டுவார். ஆனால் ரத்தம் எங்கள் லேபுக்குள்ளே போன பிறகு அவர் என்ன செய்தார் என்பது வெளியில் இருந்த உங்களுக்குத் தெரிய வழியில்லை.

கொரோனா காலத்தில் வந்த அந்த பிசிஆர் மிஷின், ஒரே ரத்தத்தில் நான்கு காய்ச்சல்களை ஒரே நேரத்தில் தேடும். ஒவ்வொன்றுக்கும் ஒரு நிறக் கோடு. கிருமி இருந்தால் அந்தக் கோடு மேலே ஏறும். நோயாளிகளின் குழாய்களோடு வெறும் தண்ணீர் உள்ள குழாய் ஒன்றையும் வைப்போம். அதில் எந்தக் கோடும் ஏறக்கூடாது. ஏறினால் எங்கள் கையிலோ சோதனை மருந்திலோ அழுக்கு சேர்ந்துவிட்டது என்று அர்த்தம். பெயரும் பிறந்த தேதியும் கொடுக்காமல் மிஷின் எந்தக் குழாயையும் ஏற்காது. அக்கா தண்ணீருக்குத் தன் பெயரையே கொடுத்தார், தன் பிறந்த தேதியோடு. ஏன் என்று கேட்டேன்.

"வெறும் தண்ணின்னா கை அசந்துரும் கண்ணு. ஒரு மனுசி பேரு இருந்தாத்தான் பயம் இருக்கும்" என்றார்.

ஒரு மழைக்காலத்தில், எஸ்டேட் வேலைக்குப் போகும் ஒரு அம்மா காய்ச்சலில் துவண்ட மகளோடு வந்திருந்தார். மிஷின் அந்தப் பெண்ணுக்கு மலேரியா என்றது. கூட ஓட்டிய அத்தனை பேருக்கும் மலேரியா என்றது. தண்ணீருக்கும் மலேரியா. அக்கா ஒரு காகிதத்தையும் வெளியே விடவில்லை.

"ஏனுங்க, பஸ்ஸு போயிருமுங்க" என்றார் அந்த அம்மா.

"போனாப் போவுது அம்மணி. அடுத்த பஸ்ஸுல நானே ஏத்தியுடறேன். இந்தத் தாள நம்பி மாத்திர குடுக்க முடியாது."

எல்லாவற்றையும் மாற்றி மறுபடி ஓட்டியபோது ஒருவருக்கும் மலேரியா இல்லை. அந்தப் பெண்ணுக்கு டெங்கு மட்டும் இருந்தது. அன்று என்னிடம் அவர் சொன்னது இதுதான்: "தண்ணில கோடு ஏறுச்சுன்னா அன்னிக்கு மிஷினு சொல்ற எதையும் நம்பாதே." நான் அப்படியே பிடித்துக்கொண்டேன்.

போன மழையில் அக்கா இரண்டு நாள் லீவு என்று சொல்லிவிட்டு தன் ஊரான மாரமங்கலத்தில் வீட்டோடு இருந்தார். மறுநாள் காலை பஸ்ஸில், அந்த ஊர் நர்ஸ் அனுப்பிய ரத்தப் பெட்டி வந்தது. அடுத்த அறையில் ஜோசப் ரத்தத்திலிருந்து தேவையானதைப் பிரித்தெடுத்து, தண்ணீரையும் அதே வழியில் செலுத்தி, சுவரிலுள்ள சின்ன ஜன்னல் வழியாகக் குழாய்களை என்னிடம் நீட்டுவார். பிரித்த பிறகு எல்லாமே தண்ணீர் போலத்தான் இருக்கும். 'மரகதம்' என்று எழுதிய குழாய்கள் இரண்டு இருந்தன. ஜோசப் உதிரிக்குத் தண்ணீர் ஒன்று கூடுதலாக வைத்திருக்கிறார் என்று எண்ணி, ஒன்றை ஓரமாக வைத்துவிட்டு மற்றதை மிஷினில் வைத்தேன்.

மரகதம் என்ற வரியில் உண்ணிக்காய்ச்சலின் கோடு ஏறியது.

வெளியே பனி இறங்கி, எதிர்க்கடை தெரியவில்லை. சாயங்காலம் அக்காவே போன் செய்தார். குரல் கம்மியிருந்தது.

"ரிசல்ட் ஆச்சா கண்ணு?"

"இல்லீங்க்கா. தண்ணில ஏறிருச்சுங்க."

"அப்ப நிறுத்து. ஒரு தாளும் போவக்கூடாது. நல்லாத் தொடச்சுட்டு நாளைக்கு ஓட்டு" என்றார். தன் ரத்தமும் அதில் இருக்கிறது என்று அவர் சொல்லவில்லை. தனக்காக அவசரப்படுத்தியதாக ஆகிவிடும் என்று நினைத்திருப்பார். அவர் குணம் அது.

பிளீச்சிங் போட்டு மேசை, கதவுப்பிடி, பேனா வரை துடைத்தேன். சோதனை மருந்தை மாற்றினேன், கையுறை மாற்றினேன். மறுநாள் அதே குழாய்களை மறுபடி வைத்தேன். மற்றதெல்லாம் புதிது. ஆனாலும் அந்தப் பெயரில் அதே கோடு, அதே இடத்தில் புறப்பட்டு, அதே உயரத்துக்கு ஏறியது. யாரோ என்னிடம் எதையோ திரும்பத் திரும்பச் சொல்வது போல இருந்தது. ஜன்னலருகே போய், "தண்ணியை மறுபடி பிரிச்சுக் குடுங்க ஜோசப்" என்றேன்.

அவர் குனிந்து என் பக்கத்து மேசையைப் பார்த்தார். "மூடில நான் புள்ளி வெச்ச தண்ணிக் குழா அந்தா ஓரத்துல கெடக்குதுங்களே. நீங்க ஓட்டுனது அக்கா ரத்தமுங்க. உங்களுக்குத் தெரியும்னு நெனச்சேனுங்க."

ஆம்புலன்ஸ் மாரமங்கலம் போய் அவரை ஏற்றிக்கொண்டு அடிவாரம் தாண்டும்போது அக்காவுக்கு மூச்சு வாங்க ஆரம்பித்திருந்தது. ரிசல்ட் வரட்டும் என்று காய்ச்சல் மாத்திரையை மட்டும் போட்டுக்கொண்டு படுத்திருந்தாராம். அந்த ஒரு நாள் முன்னால் மருந்து போயிருந்தால் பிழைத்திருப்பாரா என்று பின்னாளில் டாக்டரிடம் கேட்டேன். அவர் என் தோளைத் தட்டினார்.

அதற்கு முன், சேலத்தில் அக்காவைப் பார்க்கப் போனபோது அழுதேன். "நீ செஞ்சது முறைதான் கண்ணு. ஒரே பேர ரெண்டுக்கும் வெச்சது நானு" என்றார். தண்ணீரின் பெயரை மாற்றிவிடுகிறேன் என்றேன். ஆக்சிஜன் மாஸ்க்கைக் கொஞ்சம் தூக்கி, "நான் வந்து மாத்திக்கறேன். அதுவரைக்கும் அதுல கை வெக்காதே" என்றார்.

அவர் வரவில்லை. இப்போது நோயாளிகளின் குழாய்களில் பெயருக்குப் பதிலாக எண் எழுதுகிறோம். ஆனால் தண்ணீரில் நான் கை வைக்கவில்லை. இனி அந்தப் பெயரில் ரத்தம் எதுவும் மாரமங்கலத்திலிருந்து வரப்போவதில்லை. அவரிடமிருந்து என்னிடம் மிஞ்சியது அந்த ஒரு வரிதான். தினமும் அது வரும்வரை பயந்துகொண்டு நிற்கிறேன். நான்கு 'இல்லை'களையும் வாசித்த பிறகுதான் மற்றவர்களின் காகிதத்தைத் தொடுகிறேன்.

பிறந்த தேதியை வைத்து வயதை மிஷினே போட்டுக்கொள்ளும். போன வாரம் ஒரு காலை, மரகதம் என்ற பெயருக்குப் பக்கத்தில் ஐம்பத்திரண்டு என்று வந்தது.