நம்ம மூட்டைதானுங்க

ஏற்காட்டு மலையில் மஞ்சக்குட்டைப் பக்கம் காபி எஸ்டேட்டில் பழம் பறிக்கும் தேவகுமாரிக்கு வாய் அதிகம் என்று பெயர். எடையில் கைவைத்த எஸ்டேட் கணக்கு ரைட்டரை நாலு பேர் முன்னால் நிற்க வைத்துக் கேட்டவள். அவள் புருஷன் பொன்னுவேல் அதற்கு நேர் எதிர். ஷேர் ஜீப் ஓட்டுகிறவர். அவர் வாயில் 'என்னுது' என்ற சொல் வந்து யாரும் கேட்டதில்லை. முதலாளியின் ஜீப் அவருக்கு 'நம்ம ஜீப்பு'. டீக்கடைக்காரரின் மகன் 'நம்ம பையன்'. மரியாதைக்குச் சொல்வதுதான், எல்லோரும் சொல்வதுதான். அவர் கொஞ்சம் கூடுதலாகச் சொல்வார்.

கல்யாணமான புதிதில் அவள் கேட்டிருக்கிறாள்: "ஏனுங்க, ஊருல இருக்கறதெல்லாம் நம்முதுன்னா, நம்ம ஊட்டுல மட்டும் ஏனுங்க ஒண்ணையும் காணோம்?"

"நீ இருக்கறயே கண்ணு," என்று சிரித்தார் அவர்.

மலையில் ஜீப்காரரிடம் மூட்டை கொடுப்பவர் உள்ளே என்ன என்று சொல்வதில்லை. வாங்கிக்கொள்பவர் கேட்பதுமில்லை. கேட்டால், ஆளைச் சந்தேகப்பட்டதாகிவிடும். பலாப்பழம், மிளகு, ஆஸ்பத்திரியில் கிடப்பவருக்குச் சோறு எல்லாம் இப்படித்தான் கீழே இறங்கும். காக்கிச் சட்டைக்காரர்கள் வீட்டுப் பலாப்பழமும் இதே ஜீப்பில் போயிருக்கிறது. அன்றைக்கு யாரும் மூட்டையைப் பிரித்துப் பார்த்து ஏற்றச் சொல்லவில்லை.

காபிக்காய் பச்சையாக இருந்த சமயம், செம்மநத்தம் பிரிவில் முன்பின் தெரியாத ஒருவன் ஜீப்பின் மேலே ஒரு மூட்டையை ஏற்றினான். அடிவாரத்தில் ஆள் வந்து வாங்கிக்கொள்வார் என்றான். அடிவாரத்தில் ஆள் வரவில்லை, போலீஸ் வந்தது.

"மூட்டை யாருதுடா?"

ஜீப்பில் வந்த மூட்டைதான் என்று சொல்ல நினைத்த பொன்னுவேல், வழக்கம்போல, "நம்ம மூட்டைதானுங்க" என்றார்.

பிரித்தால் கஞ்சா. இருபது கிலோவுக்கு மேல். எழுதிக்கொண்டவர் 'நம்ம' என்பதை 'என்னுடைய' என்று எழுதினார். ஏற்றிவிட்டவனைத் தேடி செம்மநத்தம் பக்கம் ஒருவரும் போகவில்லை. கையில் ஒரு ஆள் கிடைத்தாயிற்று, அப்புறம் எதற்கு மெனக்கெட வேண்டும்?

சேலத்து வக்கீல் சௌமியா நல்ல பெண். ஒளிக்காமல் சொன்னாள். "இருபது கிலோ தாண்டுனா வணிக அளவுங்கக்கா. அதுல ஜாமீன் லேசுல கிடைக்காது. இவரு குத்தம் பண்ணலைன்னு நம்பறதுக்கு ஜட்ஜுக்குக் காரணம் வேணும். வெளிய வந்தாலும் பண்ணமாட்டாருன்னு நம்போணும்."

"குத்தம் பண்ணுனாரா இல்லையான்னு பாக்கறதுக்குத்தானுங்க கேஸு? அதைக் கேஸு நடக்கறதுக்கு முன்னாடியே காட்டோணும்னா, அப்புறம் கேஸு எதுக்குங்க?"

சௌமியா மனுவை எழுத ஆரம்பித்தாள்.

முதல் ஜாமீன் மனு தள்ளுபடியானது. மூட்டை தன்னுடையது என்று அவரே ஒப்புக்கொண்டிருக்கிறார் என்று அரசு வக்கீல் உரக்கப் படித்தார். தேவகுமாரிக்குப் பற்றிக்கொண்டு வந்தது. மறுவாரமே ஜெயிலுக்குப் போய்க் கம்பி வலைக்கு இந்தப் பக்கம் நின்று கத்தினாள்.

"என்னுதுன்னு ஏனுங்க சொன்னீங்க?"

"நான் எங்க கண்ணு அப்படிச் சொன்னேன்? நம்ம மூட்டைதானுங்கன்னு சொன்னேன்." பிறகு அவளைச் சமாதானப்படுத்த நினைத்து, "கவலப்படாத. நம்ம ஜெயில்ல சோறு பரவாயில்ல," என்றார்.

நம்ம ஜெயில்! அவளுக்கு அழுகையும் கோபமும் ஒன்றாக வந்தன. இந்த மனுஷனை எந்தப் பாவி கஞ்சா வியாபாரி என்று நம்புவான்? நம்பினார்களே!

இரண்டாவது மனுவில் சௌமியா அந்த ஒரு சொல்லை வைத்துத்தான் வாதாடினாள். இந்தப் பக்கத்துப் பேச்சில் 'நம்ம' என்றால் 'என்னுடைய' என்று ஆகாது என்றாள். போலீசிடம் சொன்னதைச் சாட்சியமாக எடுக்கக் கூடாது என்றும் சொன்னாள். நீதிபதி பொறுமையாகத்தான் கேட்டார். கேட்டுவிட்டு, அதையெல்லாம் விசாரணையில் பார்த்துக்கொள்ளலாம், மூட்டை அவர் ஓட்டிய வண்டியில்தானே இருந்தது என்று இந்த மனுவையும் தள்ளிவிட்டார். விசாரணை எப்போது? அது யாருக்கும் தெரியாது. மலையில் பழம் சிவந்துவிட்டது, பறிப்பும் நடக்கிறது. பொன்னுவேல் உள்ளேயே இருப்பார்.

வெளியே வராந்தாவில் அரசு வக்கீல் அவளைக் கடந்து போனார். கெட்ட மனிதர் இல்லை போல, நின்றார்.

"வருத்தப்படாதீங்கம்மா. என்னங்க பண்றது, நம்ம சட்டம் அப்படி."

வாய்க்குப் பெயர் போன தேவகுமாரி அன்றைக்குத் தலையாட்டி வைத்தாள். அவர் காரில் ஏறிப் போன பிறகுதான் அவளுக்கு உறைத்தது. சொன்ன சொல் ஒன்றுதான். வக்கீல் சொன்னால் மரியாதை, அவள் புருஷன் சொன்னால் குற்றம். இது என்ன நியாயம்?

ஊருக்குத் திரும்பும் ஏற்காடு பஸ்ஸில் சன்னல் ஓரம் இடம் கிடைத்தது. கைக்குழந்தையோடு ஏறிய ஒரு பெண் உட்கார இடமில்லாமல் நின்றாள். மலைமேல் இருக்கும் வாழவந்தி ஊர்க்காரி போல. முன்பின் பழக்கமில்லை.

"அக்கா, நம்ம பைய சித்த மடியில வெச்சுக்கங்க."

தேவகுமாரி பையைப் பார்த்தாள். வாய் கட்டிய துணிப்பை, கனமாகத்தான் இருந்தது. உள்ளே என்ன என்று கேட்க நாக்கு நுனிவரை வந்துவிட்டது. கேட்க அவளுக்கே வெட்கமாக இருந்தது. வாங்கி மடியில் வைத்துக்கொண்டாள்.

அடிவாரச் செக்போஸ்டில் பஸ் நின்றது. ஒரு போலீஸ்காரர் ஏறி ஒவ்வொரு சீட்டாகப் பார்த்துக்கொண்டே வந்தார். அவள் மடியிலிருந்த பையை நோக்கிக் கையை நீட்டினார்.

"இந்தப் பை யாருதும்மா?"

நின்றிருந்த பெண் வாயெடுப்பதற்குள் தேவகுமாரி நிமிர்ந்தாள். பஸ் முழுக்கக் கேட்கும்படி சொன்னாள்.

"நம்முதுங்க. உள்ள என்ன இருக்குதுன்னு எனக்குத் தெரியாது. ஆனா நம்ம பைதானுங்க. எழுதிக்கங்க."