தேதி கேட்ட கட்டம்

அருப்புக்கோட்டையில் உழவுக் கருவிகளை வாடகைக்கு விடும் என் பள்ளித் தோழன் பாண்டி, கடைக்கு ஓர் இணையதளம் செய்து தரச் சொன்னான். அதில் என்னென்ன வேண்டும் என்று அவனிடம் ஒரு வார்த்தை கேட்காமல் நானே பட்டியல் போட்டேன். அவ்வளவு தலைக்கனம். பதிவுப் படிவத்தில் முதல் கட்டம்: ‘எந்தத் தேதிக்கு வேண்டும்? கட்டாயம் நிரப்பவும்.’

பட்டியலை அவனுக்கு வாசித்துக் காட்டும்போது, நரிக்குடியிலிருந்து ஓர் அக்கா ரோட்டவேட்டர் கேட்டுப் போன் செய்தார். பெருமையாக நானே வாங்கிப் பேசினேன்.

“எந்தத் தேதிக்கு வேணும்க்கா?”

“மழை பேஞ்ச மறுநாளு. ஈரம் காயுறதுக்குள்ள உழுகணும்.”

“அது சரிக்கா, தேதி?”

“அது தெரிஞ்சா நான் எதுக்குத் தம்பி வானத்தப் பாத்துக்கிட்டு ஒக்காந்திருக்கேன்? ஒங்களுக்குத் தெரிஞ்சா சொல்லுங்க.”

பாண்டி சிரித்த சிரிப்பில் கையிலிருந்த டீ சிந்தியது. “ஏலே, நீயும் இந்த ஊர்க்காரன்தான?”

தேதிக் கேள்வியை அடித்துவிட்டு, ‘உங்கள் ஊரில் மழை பெய்துவிட்டதா?’ என்று எழுதினேன். அதன்பிறகு யாரையும் கேட்காமல் நான் பட்டியல் போட்டதில்லை.

தளம் தொடங்கி மூன்று வாரம் ஒரு பதிவும் இல்லை. ஒரு நாள் காலையில் முதல் பதிவு வந்தது. நரிக்குடி அக்காதான், ‘ஆம்’ என்று அழுத்தியிருந்தார். வாசலுக்கு ஓடிப்போய்ப் பார்த்தேன். எங்கள் தெருவில் ஒரு சொட்டுகூட இல்லை. ஆனாலும் நனைந்த மாதிரி இருந்தது எனக்கு.