ஓட வேண்டிய காட்சி

கனடாவின் மொன்றியல் நகருக்கு நான் வந்து சில வருடங்களே ஆகியிருந்தன. நகரின் ஓரத்தில், டோர்வலில் ஒரு பழைய கிடங்கை மும்பைச் சந்தையாக மாற்றி, ஹிந்திப் போலீஸ் படம் ஒன்றை எடுத்தார்கள். சந்தைக் கூட்டத்தில் நிற்க என்னையும் இன்னும் சில தமிழரையும் கூட்டிப்போனவர் பக்கத்து வீட்டுச் சிவம் அண்ணை. காக்கி உடையில் கதாநாயகன் துப்பாக்கியோடு பாய்ந்து வந்ததும் நாங்கள் சிதறி ஓட வேண்டும். அவ்வளவுதான் வேலை.

அவர் பாய்ந்து வந்தார். எல்லோரும் ஓடினார்கள். நான் மட்டும் யாழ்ப்பாணத்து இராணுவச் சோதனைச் சாவடியில் நிற்பதுபோல அசையாமல் நின்று, கைப்பையில் இருந்த கியூபெக் மருத்துவ அட்டையை அடையாள அட்டைபோல அவரிடம் நீட்டிக்கொண்டிருந்தேன்.

“தங்கச்சி, ஏன் ஓடேல்லை?” என்று பதறிக்கொண்டு வந்தார் அண்ணை.

“ஓடினால் சுடுவாங்கள் அண்ணை.”

அண்ணை அதை ஆங்கிலத்தில் சொன்னதும் கதாநாயகன் தொப்பியைக் கழற்றினார். துப்பாக்கியை என் கையில் வைத்தார். வெறும் ரப்பர்.

மறுபடி எடுத்தபோது ஓடினேன். இயக்குநர் “கட்” சொன்னது காதில் விழுந்தும் நிற்க முடியவில்லை. மெல்லிய பருத்திச் சேலையோடு வாசலைத் தாண்டி, பனிக்குள் தெருமுனைவரை ஓடினேன்.

படம் பார்த்த மகள், “அம்மா, நல்லா நடிச்சிருக்கிறீங்கள்” என்றாள். அது ஊரில் ஓடாமல் அடக்கிவைத்த ஓட்டம் என்று அவளுக்கு நான் இன்னும் சொல்லவில்லை.