அண்ணன் பிடித்து வைத்த இடம்

பாரிஸ் மெட்ரோவில் அடிக்கடி ஒரு பெண்குரல், ஆளில்லாத பையைப் பார்த்தால் உடனே தெரிவியுங்கள் என்று கேட்டுக்கொள்ளும். வந்த புதிதில் எனக்கு இது வேடிக்கையாக இருந்தது. எங்கள் புதுச்சேரியில் ஆளில்லாத பை என்று ஒன்று கிடையாது. பை இருந்தால் ஆள் இருக்கிறார் என்று அர்த்தம். டீ குடிக்கப் போயிருப்பார், வந்துவிடுவார். விழுப்புரம் நிலையத்துக்குள் பஸ் திரும்பும்போதே ஜன்னல் வழியாகப் பையையோ துண்டையோ சீட்டில் போட்டுவிட்டால் அந்த இடம் நம்முடையது. முண்டியடித்து ஏறியவர்கூட அதைப் பார்த்து, "ஆள் வருதா?" என்று கேட்டுவிட்டுத் தள்ளிப் போவார். இங்கே அதே பைக்காக ரயிலையே நிறுத்துகிறார்கள். பதினாறு வருடத்தில் நானும் மாறிப்போனேன். பக்கத்தில் யாராவது பையை வைத்துவிட்டு எழுந்தால் நானும் எழுந்து தள்ளிப் போய் நிற்கிறேன்.

இந்த வித்தியாசத்தை என் பாலு அண்ணனுக்கு நான் சொல்லி வைத்திருக்க வேண்டும். சொல்லவில்லை. அவரிடம் சொல்லாமல் விட்டவற்றில் அது ஒன்றும் பெரிய விஷயமில்லை.

அண்ணன் புதுச்சேரியில் பிறப்பு இறப்புப் பதிவு அலுவலகத்தில் முப்பது வருடம் எழுத்தர். பிரெஞ்சுக்காரர்கள் காலத்துப் பதிவேடுகளைப் புரட்டிப் புரட்டி, பேசத் தெரியாவிட்டாலும் பிரெஞ்சை எழுத்துக்கூட்டிப் படித்துவிடுவார். ஓய்வு பெற்ற கையோடு ஒரு மாத விசாவில் எங்களைப் பார்க்க வந்திருந்தார். வந்த நாள் முதல் எதைக் காட்டினாலும் ஊரோடு ஒப்பிட்டு ஒரு மார்க் குறைப்பதுதான் வேலை. சேன் நதியைப் பார்த்துவிட்டு, "நம்ம பெரிய வாய்க்கால கழுவி வுட்டா இப்படித்தான் இருக்கும்" என்றார். ஈஃபல் கோபுரத்தடியில் நின்று அண்ணாந்து பார்த்து, "பெயிண்ட் அடிக்கிறவன் பாவம்" என்றார். எனக்குச் சிரிப்பாகவும் இருந்தது, உள்ளுக்குள் பயமாகவும் இருந்தது. அவர் கிளம்புவதற்குள் அவரிடம் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். மூன்று மாதங்களுக்கு முன் நான் பிரெஞ்சுக் குடிமகள் ஆகிவிட்டேன்.

மற்ற ஊர்க்காரர்களுக்கு இதில் என்ன பெரிய ரகசியம் என்று தோன்றலாம். புதுச்சேரிக்காரர்களுக்குத் தெரியும். அறுபத்திரண்டில், பிரான்சா இந்தியாவா என்று முடிவு செய்ய எங்கள் மக்களுக்கு ஆறு மாத அவகாசம் கொடுத்தார்கள். பிரான்ஸ் வேண்டுமென்றவர்கள் வரிசையில் நின்று கையெழுத்துப் போட்டார்கள். மில்லில் ஃபிட்டராக இருந்த எங்கள் அப்பாவையும் பக்கத்து வீட்டு சொல்தா ஒருவர், பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்தவர், கையைப் பிடித்து அழைத்துப் போனார். அப்பா பாதி வரிசை வரை நின்றுவிட்டு, மில்லுக்கு நேரமாகிவிட்டது என்று திரும்பி வந்துவிட்டார். பின்னாளில் சொல்தா வீட்டுப் பிள்ளைகள் ஒவ்வொருவராகப் பிரான்சுக்கு விமானம் ஏறியபோது, அப்பாவின் அந்தப் பாதி வரிசை எங்கள் வீட்டில் பெருமையாக மாறியது. அதில் கொஞ்சம் வயிற்றெரிச்சலும் கலந்திருந்தது என்பதை இப்போது ஒப்புக்கொள்ளலாம். பிரெஞ்சுத் தேசிய நாளான ஜூலை பதினாலு அன்று பதக்கம் குத்திக்கொண்டு கடற்கரைச் சாலையில் போகிற பெரியவர்களைப் பார்த்து, "கையெழுத்துக் கட்சி போவுது பாரு" என்று அண்ணன் கிண்டல் செய்வார். நானும் சேர்ந்து சிரித்திருக்கிறேன்.

இதைவிட மோசமானது ஒன்று உண்டு. என் மனுவுக்குப் பிறப்புச் சான்றிதழ் தேவைப்பட்டது. இரண்டு வருடங்களுக்கு முன் அண்ணனுக்கே போன் செய்து, "ஆபீஸ்ல கேக்கறாங்கண்ணே" என்றேன். எந்த ஆபீஸ் என்று அவர் கேட்கவில்லை. பழைய பதிவேட்டைத் தேடி, நகலெடுத்து, முத்திரை வாங்கி, பதிவுத் தபாலில் அனுப்பினார். அவர் கையாலேயே வாங்கிக்கொண்டு அவர் கண்ணைக் கட்டினேன்.

அண்ணன் ஊருக்குத் திரும்ப நான்கு நாள் இருந்தபோது, பாரிஸின் தெற்கே தனியாக நிற்கும் ஒரு உயரக் கட்டடத்தின் உச்சிக்கு அவரை அழைத்துப் போனேன். ஐம்பது மாடிக்கு மேல். என் கணவர் சுந்தரமூர்த்தி வேலைக்குப் போயிருந்தார், பிள்ளைகள் பள்ளியில். அங்கே வைத்துச் சொல்லிவிடலாம், ஆகாயத்தில் நின்றுகொண்டு யாரும் சத்தம் போட மாட்டார்கள் என்று ஒரு கணக்கு. லிப்டில் பத்துப் பேர் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமல் நின்றோம். அண்ணன் மட்டும் காதைப் பொத்திக்கொண்டு எல்லோரையும் பார்த்துச் சிரித்தார். ஒரு அம்மாள் மட்டும் பதிலுக்குச் சிரித்தாள்.

மேலே கண்ணாடி போட்ட ஒரு தளம், அதற்கு மேலே படியேறினால் திறந்த மொட்டை மாடி. மேற்குப் பக்கக் கண்ணாடியோரம் ஒரே ஒரு பெஞ்சு காலியாக இருந்தது. அண்ணனை அங்கே விட்டுவிட்டுக் கழிப்பறைக்குப் போய்வந்து, "மாடிக்குப் போலாமாண்ணே?" என்றேன். வந்தார். மொட்டை மாடிக் காற்றில் அவர் வேட்டி படபடத்தது. பாரிஸ் முழுவதும் வெளிறிய நிறத்தில் காலடியில் விரிந்து கிடந்தது. வீடுகளெல்லாம் ஒரே உயரம். அண்ணன் நான்கு பக்கமும் சுற்றி வந்து பார்த்தார். ஒரு மார்க்கும் குறைக்கவில்லை. "நல்லாத்தான் கட்டியிருக்கான்" என்றார் கடைசியில். இதுதான் சமயம் என்று, "அண்ணே, ஒரு விஷயம்" என்று ஆரம்பித்தேன்.

அப்போதுதான் ஒலிபெருக்கி. ஆளில்லாத பை. தினமும் கேட்கிற அறிவிப்பு என்று நானும் காதில் வாங்காமல் விட்டேன். இரண்டாவது முறை சொல்லும்போதே காவலர்கள் வந்து, கீழே இறங்குங்கள், இந்தப் பக்கம், இந்தப் பக்கம் என்று எல்லோரையும் படிக்கட்டுக்கு ஓட்டினார்கள். கண்ணாடித் தளத்தில் பாதியைச் சிவப்பு நாடா கட்டி மறித்திருந்தார்கள். நாடாவுக்கு அந்தப்பக்கம் அதே பெஞ்சு. பெஞ்சின் நட்டநடுவில், எங்கள் ஊர் ஜவுளிக்கடைப் பை.

"அட, நம்ம பை!" என்று அண்ணன் நாடாவைத் தூக்கிக் குனிந்தார். காவலர்களில் பெரியவர் சத்தம் போட்டு அவரைத் தடுத்தார்.

"என்ன இருக்கிறது அதில்?" என்றார் அவர் பிரெஞ்சில்.

"இன்னா கேக்கறாரு?"

"பையில என்ன இருக்குன்னு."

"எலுமிச்ச சோறு, குரங்குக் குல்லா. எடம் புடிச்சு வெச்சேன்னு சொல்லு. ரெண்டு பேருக்கும்."

இடம் பிடித்ததைப் பிரெஞ்சில் எப்படிச் சொல்வது? முன்பதிவு செய்திருக்கிறார் என்று மொழிபெயர்த்தேன். காவலர் குழம்பிப்போய், உணவகத்தில் முன்பதிவு என்றால் அதற்கு வேறு லிப்ட் என்றார். பிறகு அவரே பையைத் திறந்து, ஈரத்துணி சுற்றிய எவர்சில்வர் டப்பாவைப் பார்த்து ஒரு நொடி தயங்கி, மூடியைத் திறந்தார். எலுமிச்சையும் பெருங்காயமும் கலந்த வாசனை. பக்கத்தில் நின்ற இளம் காவலர் சிரிப்பை அடக்க முடியாமல் திரும்பிக்கொண்டார்.

அதோடு முடிந்திருக்கலாம். ஆனால் பதிவேட்டில் எழுத வேண்டுமாம், இருவரும் அடையாள அட்டை காட்ட வேண்டுமாம். அண்ணன் பெருமையாகத் தன் பாஸ்போர்ட்டை நீட்டினார். என் கைப்பையில் இருந்தது பிரெஞ்சு அடையாள அட்டை ஒன்றுதான். எடுத்தேன். காவலர் எழுதிக்கொண்டு, இரண்டையும் சேர்த்து அண்ணன் கையில் கொடுத்துவிட்டார்.

முப்பது வருடம் பதிவேடு படித்த கண். அண்ணன் சட்டைப்பையிலிருந்து கண்ணாடியை எடுத்து மாட்டிக்கொண்டு, என் அட்டையை மேலிருந்து கீழ்வரை படித்தார். பிறகு திருப்பிப் போட்டுப் பின்பக்கத்தையும் படித்தார். நாடாவை அவிழ்த்திருந்தார்கள்; போய் அதே பெஞ்சில் உட்கார்ந்தார். நானும் பக்கத்தில் உட்கார்ந்தேன்.

"இதுக்குத்தான் அந்த சர்டிபிகேட்டா?"

"ஆமாண்ணே."

"ஆபீஸ்ல கேக்கறாங்கன்னு சொன்ன."

"அம்மா போனப்ப லீவு குடுக்கலன்னு சொன்னேன் இல்லண்ணே? அதுவும் பொய்தான். இங்க தங்கறதுக்கான என் கார்டு காலாவதி ஆயிடுச்சி. புதுசுக்கு நாள் குடுத்த தாள் மட்டும்தான் கையில. அப்ப கிளம்பியிருந்தா திரும்பி உள்ள வுட மாட்டாங்க. புள்ளைங்க ரெண்டும் சின்னது. இனிமே அந்த மாதிரி ஆவக் கூடாதுன்னுதான் மனு போட்டேன்."

"ஐஸ் பெட்டியில ரெண்டு நாள் வெச்சிருந்தேன்" என்றார் அண்ணன். "எடுத்துடலாம், எடுத்துடலாம்னு எல்லாரும் சொன்னாங்க. கலா கிளம்பிட்டா, வந்துடுவான்னு சொல்லிக்கினே இருந்தேன்."

இது எனக்குத் தெரியாது. இத்தனை வருடத்தில் ஒரு நாளும் அவர் சொன்னதில்லை. முந்நூறு பேர் நடமாடும் இடத்தில் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு அழுதேன். யாரும் திரும்பிப் பார்க்கவில்லை. இந்த ஊரின் அந்தக் குணத்துக்கு அன்று நன்றி சொன்னேன்.

அண்ணன் மறுபடியும் அட்டையைத் தூக்கிப் பிடித்தார். "இங்க பாரு. மொத வரியில அப்பா பேரு."

கோவிந்தசாமி. அதற்குக் கீழே கலாவதி. அதற்கும் கீழே, சிறிதாக, இன்னாரின் மனைவி என்று. இந்த நாட்டில் பெண்ணுக்குப் பிறந்த வீட்டுப் பெயர்தான் கடைசிவரை காகிதத்தில் நிற்கும். ஊரில் பள்ளிக்கூடம் முழுக்க நான் கோ. கலாவதி. கல்யாணமான மறுமாதமே ரேஷன் கார்டில் சு. கலாவதி ஆனேன். அலைந்து திரிந்து அதை மாற்றிக் கொடுத்தவரே அண்ணன்தான்.

"நம்ம ஊர்ல நானே எடுத்துட்டேன்" என்றார். "இவன் முழுசா எழுதி வெச்சிருக்கான். பாதி கியூவுல வேணாம்னு திரும்புன மனுசன் பேர."

"அப்பா இருந்திருந்தா என்ன சொல்லியிருப்பாரு?"

"நல்லாத் திட்டியிருப்பாரு." அட்டையை என் கையில் வைத்தார். "எங்கிட்ட சொல்லியிருக்கலாம் கலா. நான் என்ன வேணாம்னா சொல்லிடுவேன்? சர்டிபிகேட்ட ரெண்டு காப்பி சேத்தே வாங்கி அனுப்பியிருப்பேன்."

அந்த இரண்டு காப்பி என்னைக் கொன்றுபோட்டது. எலுமிச்சைச் சோற்றை ஒரே டப்பாவிலிருந்து ஆளுக்குப் பாதி சாப்பிட்டோம். அங்கே சாப்பிடக் கூடாது என்று எழுதியிருந்தது. பெரிய காவலர் எங்கள் பக்கம் வந்தவர், பார்க்காதவர்போலத் தாண்டிப் போனார்.

அம்மாவின் திதிக்கு இந்த வருடம் போகிறேன். என் இந்தியப் பாஸ்போர்ட்டைத் தூதரகத்தில் மூலை வெட்டி ரத்து செய்து திருப்பிக் கொடுத்துவிட்டார்கள், அதனால் விசா எடுக்க வேண்டியிருந்தது. விண்ணப்பத்தில் வருகையின் நோக்கம் என்ற இடத்தில், தாயாரின் திதி என்று எழுதினேன். கவுண்டரில் இருந்த தமிழ்ப் பெண் அதை ஒரு கோடு போட்டு அடித்து, சுற்றுலா என்று எழுதினாள். "தப்பா நெனச்சிக்காதீங்க அக்கா, அந்தக் கட்டத்துல இதுதான் வரும்" என்றாள்.

அன்று மாலையே அண்ணனுக்குப் போன் செய்து புலம்பினேன். "எவ்ளோ நாள் குடுத்திருக்கான்?" என்றார். ஆறு மாதம் என்றேன். "அப்ப திதிய முடிச்சிக்கினு ஊரச் சுத்திப் பாக்கலாம் வா. டூரிஸ்ட்டாச்சே, நோணாங்குப்பத்துக்குக் கூட்டிக்கினு போயி போட்ல ஏத்தி வுடறேன்" என்று சொல்லி, இருமல் வரும்வரை சிரித்தார்.

நானும் சிரித்துக்கொண்டேதான் போனை வைத்தேன். புதுச்சேரியில் பிறந்து இருபத்தைந்து வயது வரை அங்கேயே வளர்ந்தவள், அந்தச் சுற்றுலாப் படகில் ஒருமுறைகூட நான் ஏறியதில்லை. அதில் போகிறவர்கள் எல்லாம் வெளியூர்க்காரர்கள்தான்.