லாபம், ரெண்டு, மூணு

கல்யாணமாகி மஞ்சூருக்கு வந்த புதிதில் ஒருநாள், ஃபேக்டரிக்குக் கிளம்பிய கணவர், "சாயங்காலம் பன்னெண்டு ஆட்டையும் எண்ணிப் பட்டியில அடைச்சிரு. முதல் ஆட்டுக்கு லாபம்னு சொல்லோணும், அதான் எங்க வழக்கம்" என்றார்.

அப்படியே "லாபம், ஒண்ணு, ரெண்டு" என்று எண்ணினேன். பதினொன்றோடு ஆடுகள் தீர்ந்துவிட்டன. ஒன்று தொலைந்துவிட்டதென்று அழுதேவிட்டேன். அக்கம்பக்கத்துப் பெண்களெல்லாம் தேயிலைச் செடிகளுக்குள் இறங்கித் தேடினார்கள்.

வேலை முடிந்து வந்த கணவர், நான் எண்ணிய விதத்தைக் கேட்டார். "ஏம்புள்ள, ஒண்ணுக்குப் பதிலாத்தான் லாபம். அடுத்தது ரெண்டு."

எல்லோர் முன்னாலும் மறுபடி எண்ணினேன். பன்னிரண்டும் இருந்தன. தேடிக் களைத்தவர்கள் சிரித்துக்கொண்டே எங்கள் வீட்டில் உட்கார்ந்துவிட்டார்கள். இரண்டு முறை டீ போட்டேன். அந்த ஊரில் எனக்குச் சிநேகிதிகள் கிடைத்தது அன்றுதான்.