ஒரு கட்டில் ஆஸ்பத்திரி

இங்கிலாந்துக்கு வந்த புதிதில் என்னைக் குழப்பியது ஒரு சின்ன இங்கிலீஷ் வார்த்தை. நான் வேலை பார்க்கும் மனநோய் ஆஸ்பத்திரியில் தினமும் காலை ஏழு மணிக்கு வார்டு சிஸ்டர் இரவு ரிப்போர்ட்டை நின்றபடியே வாசிப்பார். நோயாளியின் பெயரைச் சொல்லி "செட்டில்டு" என்பார். அடுத்த பெயர், மறுபடியும் "செட்டில்டு". நம் பக்கம் ஒரு பெண் செட்டில் ஆகிவிட்டாள் என்றால் நல்ல இடத்தில் கல்யாணம் முடிந்தது என்று அர்த்தம். எழுபது வயதுக் கிழவி முதற்கொண்டு வார்டில் பாதிப் பேர் ஒரே இரவில் எப்படிச் செட்டில் ஆனார்கள் என்று விளங்காமல், பக்கத்தில் நின்ற ஐரிஷ் பெண்ணிடம் இவர்களுக்கெல்லாம் யார் வரன் பார்த்தது என்று கேட்டேன். அவள் என்னை ஒரு மாதிரி பார்த்துவிட்டு, உடம்புக்கு முடியவில்லையா என்றாள். தொந்தரவு இல்லாமல் அமைதியாகக் கிடந்தாள் என்பதைத்தான் அப்படிச் சொல்கிறார்கள் என்று தெரிய எனக்கு ஒரு வாரம் ஆனது.

இப்போது நம் பக்கத்திலிருந்து நர்ஸ் படிப்புக்கென்று கப்பல் ஏறி வரும் பெண்கள் அதிகமாகிவிட்டார்கள். பொது ஆஸ்பத்திரி என்று நம்பி வந்து, கடைசியில் மனநோய் ஆஸ்பத்திரியின் வாசலில் பெட்டியோடு நின்று அழுத தங்கைகள் சிலரை நானே கூட்டிப்போய் டீ வாங்கிக் கொடுத்திருக்கிறேன். என் கதை வேறு. விண்ணப்பத்தில் மனநோய்ப் பிரிவு என்று நானே கேட்டு எழுதினேன். ஏன் கேட்டேன் என்பதைத்தான் இங்கே சொல்லப் போகிறேன். அதற்குக் காரணம் கொடைக்கானல் மலையில் பூண்டி என்ற கிராமத்தைச் சேர்ந்த பேச்சியம்மாள்.

எனக்குச் சொந்த ஊர் பழனி. அடிவாரத்தில் அப்பாவுக்குப் பஞ்சாமிர்தக் கடை. நர்ஸ் படிப்பு முடிந்ததும் கொடைக்கானலில் ஒரு மிஷன் ஆஸ்பத்திரியில் சேர்ந்தேன். ஆஸ்பத்திரி என்று பெயரே தவிர, பிரசவத்துக்கு ஒரு கூடம், காய்ச்சல்காரர்களுக்கு ஒரு கூடம், மருந்து கொடுக்கும் அறை, அவ்வளவுதான். டாக்டரம்மா வெளிநாட்டுக்காரர். ஐம்பதுகளின் நடுவில் ஒரு மழைக்காலத்தில், கம்பளியைத் தொட்டில் மாதிரி மூங்கிலில் கட்டி, நான்கு பேர் பூண்டியிலிருந்து ஒரு பெண்ணைச் சுமந்து வந்தார்கள். பேச்சியம்மாளுக்கு அப்போது இருபது வயது இருக்கும். குழந்தை பிறந்து மூன்று வாரம். இரண்டு கையையும் சேர்த்து, ஏரில் மாட்டைக் கட்டும் பூட்டாங்கயிற்றால் கட்டியிருந்தார்கள். பிள்ளையைத் தன் தலைப்பாகைத் துணியில் சுற்றி மார்போடு அணைத்தபடி பின்னால் வந்தவன் அவள் கணவன் கருப்பையா.

பிரசவமான ஏழாம் நாளிலிருந்து அவள் தூங்கவில்லை. இது என் பிள்ளை இல்லை, யாரோ மாற்றி வைத்துவிட்டார்கள், என் பிள்ளையைத் தேடப் போகிறேன் என்று இரண்டு தடவை ஓடையை நோக்கி ஓடியிருக்கிறாள். "எங்காத்தா கோயில்ல கொண்டு போயிச் சங்கிலி போட்டு விடச் சொல்லுதுங்க. எனக்கு மனசு ஒப்பலை. பூண்டு வயல்ல எனக்கு முன்னால வெள்ளனே வந்து நிக்கிற புள்ளைங்க இவ. இப்பக் கயிறோட கெடக்குறா" என்று கருப்பையா சொன்னான். சொல்லிவிட்டுச் சுவரைப் பார்த்துத் திரும்பி நின்றுகொண்டான்.

டாக்டரம்மா தனக்கு இந்த வைத்தியம் தெரியாது என்று ஒளிக்காமல் சொன்னார். சென்னைக்கு அனுப்பலாம் என்றார். ஆனால் அங்கே கைப்பிள்ளையைக் கூட வைத்துக்கொள்ள மாட்டார்கள். பிள்ளைக்குக் கொடுத்த டின் பால் ஒத்துக்கொள்ளாமல் ஏற்கெனவே வயிற்றுப்போக்கு. தாயை அனுப்பினால் பிள்ளை பிழைப்பது சந்தேகம். அன்று மத்தியானம் டாக்டரம்மாவின் அலமாரியில் மனநோயாளிகளைப் பராமரிப்பது பற்றிய ஒரு தடித்த புத்தகத்தை எடுத்தேன். கொடைக்கானல் ஈரத்தில் பக்கங்கள் ஒன்றோடொன்று ஒட்டிக்கிடந்தன. கத்தி முனையால் பிரித்துப் பிரித்து, அகராதியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, பிரசவத்துக்குப் பின் வரும் புத்தி கலக்கம் பற்றிய பகுதியைப் படித்தேன். பாதி புரியவில்லை. புரிந்த பாதியில், இது பேயும் இல்லை குணக்கேடும் இல்லை, நோய், பெரும்பாலும் தீரக்கூடியது என்று இருந்தது. ஆள் விடாமல் பக்கத்தில் இருக்க வேண்டும் என்றும் இருந்தது. அதைக் கொண்டுபோய் டாக்டரம்மாவிடம் காட்டினேன். பகல் முழுக்கக் கூட உட்கார நம்மிடம் ஆள் ஏது என்றார் அவர். நான் உட்காருகிறேன் என்றேன்.

மருந்து அறையைக் காலி செய்து ஒரு கட்டில் போட்டோம். கயிற்றை நான்தான் அவிழ்த்தேன். தூங்குவதற்கு டாக்டரம்மா மருந்து கொடுத்தார். பால் கொடுக்கும் நேரத்தில் நான் கட்டிலில் அவளுக்குப் பின்னால் உட்கார்ந்து, அவளை என்மேல் சாய்த்து, பிள்ளையின் தலையை என் கையில் ஏந்திக்கொள்வேன். இரண்டு பேரையும் சேர்த்துப் பிடித்திருப்பேன். நான்காம் நாள் அவள் பிள்ளையை ஒரே தள்ளாகத் தள்ளினாள். என் முழங்கால் தடுத்ததால் பிள்ளை தரையில் விழவில்லை. புத்தகத்தை நம்பி ஒரு பச்சைப் பிள்ளையைப் பணயம் வைக்கிறேனோ என்று வெளியே போய் அழுதேன். அடுத்த பால் வேளைக்கு டாக்டரம்மாவே வந்து இன்னொரு பக்கம் உட்கார்ந்தார். கருப்பையாவுக்கு நான் படித்ததையெல்லாம் தமிழில் சொன்னேன். அவன் ஊருக்குப் போய்த் தன் ஆத்தாளிடம், இது நோவுதானாம், நர்ஸம்மா புத்தகத்தில் பார்த்துச் சொல்லிச்சு என்று சண்டை போட்டிருக்கிறான்.

ஐந்தாவது வாரம் ஒரு காலை. பால் குடித்துத் தூங்கிய பிள்ளையை அவள் வெகுநேரம் பார்த்துக்கொண்டே இருந்தாள். பிறகு என் பக்கம் திரும்பாமலே, "இவளுக்கு எங்க அப்பன் மூக்கு" என்றாள். இன்றைக்கு வரை நான் எழுதிய பரீட்சைகளில் எதில் தேறியபோதும் அந்த ஒரு வாக்கியம் தந்த பெருமை எனக்குக் கிடைக்கவில்லை. அவள் தன் காலால் நடந்து பூண்டிக்குப் போனாள்.

இங்கே என் இரண்டாம் வருடத்தில் ஜோன் என்ற பெண் எங்கள் வார்டுக்கு வந்தாள். பிரசவமாகி ஒரு மாதம். பேச்சியம்மாள் சொன்ன அதே பேச்சு, இங்கிலீஷில். இங்கே வசதிக்குக் குறைவில்லை. வெந்நீர்க் குழாய் உண்டு, புது மாத்திரைகள் உண்டு, மின்சாரச் சிகிச்சையும் உண்டு. பிள்ளையை மட்டும் தொலைவில் இருந்த அவள் அக்காள் வீட்டுக்கு அனுப்பியிருந்தார்கள். மாத்திரையில் ஜோன் அமைதியானாள். ஆனால் யாரையும் பார்க்கவில்லை, எதையும் கேட்கவில்லை. பெரிய டாக்டர் ரவுண்ட்ஸ் வந்தபோது, கட்டில் ஓரத்தில் நின்ற நான் பிள்ளையைக் கொண்டுவந்து பார்க்கலாமே என்று சொல்லிவிட்டேன். ஊரில் படித்து வந்தாலும் இந்தப் பிரிவுக்கு நான் இங்கே மாணவிதான். மாணவி நர்ஸ் ரவுண்ட்ஸில் வாய் திறப்பது இங்கே யாரும் கேள்விப்படாத விஷயம். சிஸ்டரின் முகம் சிவந்துவிட்டது.

டாக்டர் மட்டும் நிதானமாக, இதை எங்கே பார்த்தாய் என்றார். கொடைக்கானலில் என்றேன். 'கானல்' என்றது அவர் காதில் இங்கிலீஷ் 'கெனால்' என்று விழுந்து, எந்தக் கால்வாய் என்று கேட்டார். கால்வாய் இல்லை, மலை என்றேன். அதை ஏதோ பெரிய நிறுவனம் என்று எடுத்துக்கொண்டு, "அந்தப் பிரிவில் எத்தனை படுக்கை?" என்றார்.

"ஒன்று" என்றேன்.

யாரோ சிரித்தார்கள். டாக்டர் சிரிக்கவில்லை. ரவுண்ட்ஸ் முடிந்ததும் என்னை அழைத்து அந்த ஒரு படுக்கையைப் பற்றி அரைமணி நேரம் கேட்டார். எப்படி உட்கார்ந்தேன், பிள்ளையின் தலையை எந்தக் கையில் பிடித்தேன் என்பது வரை. மறுவாரம் பிள்ளை வந்தது. ஓர அறையொன்றைக் கொடுத்து என்னையே பொறுப்பாக உட்கார வைத்தார்கள். அன்று முகம் சிவந்த சிஸ்டர்தான் தன் மதியச் சாப்பாட்டு நேரத்தை விட்டு வந்து, என் இடத்தில் உட்கார்ந்து என்னை மாற்றிவிடுவார். ஜோன் கோடையில் பிள்ளையோடு வீடு போனாள். இந்த நாட்டில் வேறு சில டாக்டர்கள் முன்பே இதைச் செய்து பார்த்திருக்கிறார்கள் என்று பிறகு புத்தகங்களில் படித்தேன். அதனால் என் பெருமை குறையவில்லை. எங்கள் மலையில் நாங்கள் அவர்களைப் பார்த்துச் செய்யவில்லை.

எல்லாரும் ஜோன் ஆவதில்லை. முப்பது வருடமாக அதே ஜன்னல் ஓரத்தில் உட்கார்ந்திருக்கும் பெண்கள் எங்கள் பின் வார்டுகளில் இருக்கிறார்கள். அவர்களுக்கு என்னால் தலை வாரிவிடத்தான் முடிகிறது. அதையும் ஒழுங்காகச் செய்கிறேன்.

அப்பாவுக்கு என் வேலையை விளக்குவது பெரும் பாடாக இருந்தது. கடைக்கு வந்தவர்களிடமெல்லாம் அவர், "எம் மக சீமையில பைத்தியக்கார ஆசுபத்திரில இருக்கா" என்று நெஞ்சை நிமிர்த்திச் சொல்லியிருக்கிறார். கேட்டவர்கள் உச்சுக்கொட்டி, முருகன் காப்பாற்றுவான் என்று விபூதி கொடுத்துவிட்டுப் போனார்களாம். தம்பி எழுதிய கடிதத்தில் இதைப் படித்துச் சிரித்துச் சிரித்து எனக்குக் கண்ணில் நீர் வந்தது. சரியாக என்ன சொல்ல வேண்டும் என்று அப்பா கேட்டிருந்தார். மனசுக்கு வைத்தியம் பார்க்கிற நர்ஸ் என்று எழுதினேன். அதன் பிறகு, அவரவர் வீட்டில் பூட்டி வைத்த ஆட்களைப் பற்றி ஜனங்கள் பஞ்சாமிர்த டப்பாவை வாங்கியபடியே தாழ்ந்த குரலில் அவரிடம் கேட்கத் தொடங்கினார்களாம். அப்பா அவர்களை டாக்டரம்மாவிடம் அனுப்பிக்கொண்டிருக்கிறார்.

போன வருடம் விடுமுறையில் ஊருக்குப் போயிருந்தேன். கொடைக்கானலில் டாக்டரம்மாவைப் பார்த்துவிட்டு, பூண்டு ஏற்றப் போகும் லாரியில் இடம் கேட்டு ஏறி, ரோடு முடிந்த இடத்திலிருந்து நடந்து பூண்டிக்குப் போனேன். கருப்பையா சந்தைக்குப் போயிருந்தான். வயல் வரப்பில் பூண்டு காய வைத்துக்கொண்டிருந்தவள் பேச்சியம்மாள்தான் என்று எனக்குப் பார்த்ததும் தெரிந்தது. பக்கத்தில் பத்துப் பதினோரு வயது மகள், பூண்டுத் தாளை முடிந்துகொண்டிருந்தாள். பேச்சியம்மாள் நிமிர்ந்து, யாரைப் பார்க்க வந்தீர்கள் என்று கேட்டாள். அவளுக்கு என்னைத் தெரியவில்லை. அந்த ஐந்து வாரமும் அவள் நினைவில் இல்லை. இந்த நோயில் அப்படி ஆவதுண்டு என்று எனக்குத் தெரியும். வாய்வரை வந்ததை விழுங்கிக்கொண்டு, ஊரைப் பார்க்க வந்தேன் என்றேன்.

"எந்த ஊருங்க?"

"பழனிதான்."

அவள் என் பாதத்தைப் பார்த்தாள். நான் இங்கே வார்டில் போடுகிற நாடா வைத்த கறுப்புச் சப்பாத்து. "பழனிக்காரக இப்பிடிச் செருப்புப் போட மாட்டாகளே" என்றாள். பிறகு, சேற்றில் அது நிற்காது, கழற்றிக் கையில் எடுத்துக்கொள்ளுங்கள், வீட்டில் காப்பி குடித்துவிட்டுப் போகலாம் என்று மகளைக் கூட்டிக்கொண்டு முன்னால் இறங்கினாள். நான் கழற்றினேன். ஐந்து வருடம் தரையைத் தொடாத என் உள்ளங்காலில் சேற்றுக்குள் கிடந்த சரளைக் கல் ஒவ்வொன்றும் குத்தியது. சப்பாத்தை ஒரு கையிலும் சேலைக் கொசுவத்தை மறு கையிலுமாகப் பிடித்துக்கொண்டு, நான் பிறந்த சீமையில் தட்டுத்தடுமாறி நடந்தேன். தாயும் மகளும் வெரசாக நடந்து கீழே போய்விட்டார்கள். திருப்பத்தில் பேச்சியம்மாள் நின்று திரும்பிப் பார்த்தாள்.

"பாத்து வாங்கக்கா" என்றாள். "தடத்துக்குப் புதுசுல்ல."